ஹெல்மி பதில் சொல்ல எடுத்த நேரம்

போன நவம்பரில் ஒரு படம் பார்க்க ரொறொன்ரோவிலிருந்து மொன்ட்ரியாலுக்குப் போனேன் என்றால் வீட்டில் இன்னும் நம்புகிறார்கள் இல்லை. இழுத்தவர் ஜெயம் அண்ணை. யாழ்ப்பாணத்தில் எங்கள் ஒழுங்கைக்காரர், ஒரே தெரு; இப்போது மொன்ட்ரியால் நோர் பகுதியில் இருக்கிறார். தொண்ணூறில் இயக்கம் முஸ்லிம்களை ஊரைவிட்டு விரட்டியபோது, பக்கத்து முஸ்லிம் வீட்டுத் தையல் மெசினை அண்ணை வீட்டார் எடுத்து வைத்துக்கொண்டார்கள். அதைக் கமராவுக்கு முன்னால் சொல்லச் சொல்லி ஒரு ஆவணப்படக் குழு கேட்டிருந்தது. சம்மதத் தாளைச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு மனிதர் ஒரு மாதமாக அல்லாடினார். "ஒரு பின்லாந்து மனுசியின்ர படம் போடுகினம். நீயும் வா, பாப்பம். பேந்து முடிவெடுக்கிறன்."

சனி காலை ஏழு மணி பஸ். 540 கிலோமீற்றர், ஆறரை மணித்தியாலம், 62 டொலர். தியேட்டர் பஸ் நிலையத்திலிருந்து பத்து நிமிட நடை. படம் மூன்று மணிக்கு, டிக்கெட் 15 டொலர்.

படத்தில் வரும் ஹெல்மி ஓய்வுபெற்ற தாதி. பின்லாந்து உள்நாட்டுப் போரில் தோற்றவர்கள் அடைபட்டுப் பட்டினியில் செத்த முகாமொன்றில் அவருடைய தாத்தா காவலர். தாத்தா வீட்டுக்கு எழுதிய கடிதங்களை, முகாம் இருந்த இடத்திலேயே நின்று சத்தமாக வாசிக்கிறார். தாத்தாவுக்கு வக்காலத்து வாங்கவில்லை, அவரைத் திட்டவும் இல்லை. எனக்கு அந்த மனுசியை அவ்வளவு பிடித்துவிட்டது.

படம் முடிய ஹெல்மியே மேடைக்கு வந்தார். ஜெயம் அண்ணை எழும்பி, உங்கள் குடும்பம் என்ன சொன்னது என்று ஆங்கிலத்தில் கேட்டார். ஹெல்மி பேசாமல் நின்றார். இருபது விநாடி இருக்கும். கூட்டத்தை நடத்திய பெண் பதறிப்போய், மெர்ஸி என்று நன்றி சொல்லி அடுத்த கேள்விக்குத் தாவிவிட்டாள்.

"கேக்கக் கூடாததைக் கேட்டிட்டன் போல" என்று அண்ணை சுருங்கிப்போய் இருந்தார்.

இரண்டு கேள்வி கழித்து ஹெல்மி கையை உயர்த்தினார். "அவருக்கு நான் இன்னும் பதில் சொல்லவில்லை. எங்கள் ஊரில் யோசித்து முடித்த பிறகுதான் வாய் திறப்போம்." பிறகு சொன்னார்: படத்துக்குச் சம்மதிப்பதற்கு முதலே கடிதங்களைத் தன் தம்பிக்கு வாசித்துக் காட்டினாராம். தம்பி ஒரு வருஷம் அக்கா வீட்டுப் படி ஏறவில்லை. "ஆனால் அவன் இதை ஊரோடு சேர்ந்து தியேட்டரில் அறியவில்லை."

மெட்ரோவில் ஹென்றி-புராஸா நிலையம் வரைக்கும், பிறகு பஸ்ஸிலுமாக அண்ணை வீட்டுக்குப் போய்ப் படுத்தோம். ஞாயிறு காலை எட்டு மணிக்கு திரும்பும் பஸ்ஸுக்காக நான் சப்பாத்து மாட்டும்போது அண்ணை யாழ்ப்பாணத்திலுள்ள தன் தம்பிக்கு ஸ்பீக்கரில் போன் எடுத்தார். மெசின் இன்னும் அந்தத் தம்பி வீட்டில்தான். கமராவுக்கு முன்னால் சொல்லப்போவதை எல்லாம் சொன்னார். மறுபக்கம் சத்தமே இல்லை. இப்படியென்றால் நாங்கள் உடனே "ஹலோ, ஹலோ" என்று கத்துகிற ஆட்கள். நான் வாயைத் திறக்கவே அண்ணை கையால் மறித்தார். ஒரு நிமிடம் போயிருக்கும்.

"மெசினுக்கு அடியில அவையின்ர பேர் கீறிக் கிடக்குது, அண்ணை. நான் அழிக்கேல்லை. அதையும் சொல்லுங்கோ."

அதற்குப் பிறகுதான் அண்ணை சம்மதத் தாளை எடுத்து வைத்துப் பேனையைத் தேடினார். என்னுடைய ஒன்பதேகால் பஸ் போய்விட்டது. நீங்கள் இப்படி ஒரு படத்துக்குப் போவதென்றால் திரும்பும் டிக்கெட்டைப் பின்னேரத்துக்கு எடுங்கள். கேள்வி நேரத்துக்கும் இருங்கள். பதில் வரச் சுணங்கினால் எழும்பிப் போகாதீர்கள்.