ஜன்னல் சீட்டும் இரண்டு மாத்திரையும்

என் தம்பிக்குப் பஸ்ஸில் ஏறினாலே குமட்டும். அதை அவனுக்குக் கிடைத்த வரம் என்றுதான் எட்டு வயதில் நான் நினைத்திருந்தேன். ஏரியூரில் பஸ் வருவதற்கு முன்பே அவனுக்கு மட்டும் வெல்லத்தில் பொதிந்த அரை மாத்திரை. ஜன்னல் சீட்டு அவனுக்கு. முகர்ந்துகொள்ள எலுமிச்சம்பழம், சாய்ந்துகொள்ள அம்மாவின் தோள். அவனோ கண்ணை இறுக மூடிக்கொண்டு மகாராஜா மாதிரி வருவான். எனக்கு ஓரத்துச் சீட்டும் மடியில் துணிப்பையும். பற்றிக்கொண்டு வரும் எனக்கு. குமட்டாமல் பிறந்தது என் குற்றமா?

நல்லம்பள்ளியில் அத்தை புதுவீடு கட்டிப் பால் காய்ச்சினாள். அப்பா முதல் நாளே போய்விட்டார். நாங்கள் மூவரும் காலையில் பஸ் ஏறினோம். அம்மா கண்ணயர்ந்ததும் அவள் கைப்பையைத் துழாவி மாத்திரை அட்டையை எடுத்தேன். அவனுக்கு அரை என்றால் எனக்கு இரண்டு! அட்டை கிழிந்த சத்தத்தில் தம்பி ஒருமுறை என் பக்கம் பார்த்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டான். கசப்பு தாங்கவில்லை. ஆனாலும் மனசு குளிர்ந்துவிட்டது.

அத்தை வீட்டில் வாய் வறண்டு நாக்கு ஒட்டிக்கொண்டது. ஒரு மூலையில் சுருண்டு தூங்கிப்போனேன். மத்தியானம் எழுந்தபோது மூத்திரம் முட்டியது. போய் உட்கார்ந்தால் ஒரு சொட்டு வரவில்லை. நாலுமுறை போய்வந்து அம்மாவிடம் அழுதேன்.

"சூடு புடிச்சிருக்கும் அண்ணி," என்றாள் அத்தை. கால் பெருவிரலில் சுண்ணாம்பு தடவினார்கள். விருந்துக்கு வந்த பெண்கள் ஆளுக்கொரு வைத்தியம் சொன்னார்கள். மாமா தோட்டத்திலிருந்து இளநீர் வெட்டி வந்து, "குடி சாமி, ஒடனே எறங்கீரும்," என்றார். புதுவீட்டுக் குழாயைத் திறந்துவிட்டு, அம்மா என் பக்கத்தில் குந்தி "ஸ்ஸ்ஸ்" என்று சத்தம் கொடுத்தாள். சத்தியமாகச் சொல்கிறேன், அந்த வலியிலும் எனக்குப் பெருமைதான். வீடே என்னைச் சுற்றி நின்றது! எனக்கு மூன்று இளநீர், தம்பிக்கு ஒன்றுகூட இல்லை. அவனைக் கடைக்கண்ணால் பார்த்துக்கொண்டே உறிஞ்சினேன்.

உறிஞ்சியதெல்லாம் உள்ளேயே தங்கியது. சாயங்காலம் அடிவயிறு கல் மாதிரி ஆகிவிட்டது. யார் தொட்டாலும் அலறினேன். எல்லாரையும் ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு அப்பா தர்மபுரி ஆஸ்பத்திரிக்கு விரைந்தார்.

டாக்டரம்மா வயிற்றைத் தொட்டுப் பார்த்துவிட்டு, "மாத்திரை ஏதாவது குடுத்தீங்களா?" என்று கேட்டார்.

"இவளுக்கு மூணு இளநி தவிர ஒன்னுமே குடுக்கலீங்க. பையனுக்குத்தான் வாந்திக்கு அரை மாத்திரை," என்றாள் அம்மா.

சொன்னால் இந்தச் சீராட்டல் எல்லாம் போய் விளக்குமாறுதான் வரும் என்று எனக்குத் தெரியும். வயிறு வெடித்தாலும் சரி என்று வாயை மூடிக்கொண்டேன்.

"அக்கா ரெண்டு தின்னுச்சுங்க. நான் பாத்தேன்," என்றான் தம்பி.

அம்மா அட்டையை எடுத்துப் பார்த்து, "அடிப்பாவி!" என்று தலையில் அடித்துக்கொண்டாள்.

"வாந்திய நிறுத்துற மாத்திரை சிலது மூத்திரப்பையயும் அசத்திப் போட்ரும்மா," என்றார் டாக்டரம்மா. "பை நெறஞ்சாலும் சுருங்கி வெளிய தள்ளாது. அதுமேல மூணு இளநி வேற ஊத்தினா புள்ள என்ன பண்ணும்?"

மெல்லிய குழாய் வைத்து நீரை இறக்கினார்கள். அப்பாடா, போன உயிர் திரும்பி வந்தது. ஆனால் டாக்டரம்மா தம்பியின் கன்னத்தைத் தட்டி, "கெட்டிக்காரன்டா நீ," என்று ஒரு மிட்டாய் கொடுத்தார். குழாயோடு படுத்திருந்த எனக்கு அந்த மிட்டாய் மேல்தான் கண். காட்டிக்கொடுத்தவனுக்கு மிட்டாயா!

மறுநாள் ஊர் திரும்பும்போது, உடம்பு முடியாத பிள்ளை என்று ஜன்னல் சீட்டு எனக்கு வந்தது. பயந்துபோயிருந்த அம்மா அன்று தம்பிக்கும் மாத்திரை கொடுக்கவில்லை. அவன் இரண்டுமுறை பைக்குள் வாந்தியெடுத்துவிட்டு அவள் மடியில் கிடந்தான். பென்னாகரம் தாண்டி ஒரு வளைவில், மூடிய கண்ணைத் திறக்காமலே கேட்டான்.

"அக்கா, வெளிய என்னக்கா தெரியுது?"

சீட்டைத் திருப்பிக் கேட்க அடிபோடுகிறான் என்று எனக்குப் பட்டது. "ஏன், உனக்குத் தெரியாதா? ஒவ்வொருக்காவும் நீதான பாத்துட்டு வர்ற," என்று ஜன்னல் கம்பியை இறுகப் பிடித்துக்கொண்டேன்.

அவன் அம்மா மடியில் முகத்தைப் புதைத்துக்கொண்டான். அத்தனை பயணத்திலும் அவன் ஒருமுறைகூட கண்ணைத் திறந்து வெளியே பார்த்ததில்லை என்பது எனக்கு அன்று உறைக்கவில்லை.