தோப்பறையின் இடது பின்னங்கால்

செருப்பைக் காலில் மாட்டுவதற்கு முன்னால் பெரியண்ணன் அதற்குத் தண்ணீர் காட்டுவார். ஊற்ற மாட்டார். உள்ளங்கையைக் குழித்து ஒரு கை தண்ணீர் அள்ளி, விரலிடுக்குகளில் கசியவிட்டு, வாரிலும் குதிகாலிலும் தடவிவிட்டு, எழுந்து நின்று பார்த்துக்கொண்டிருப்பார். சாம்பல் நிறத்தில் கிடக்கும் தோல் ஓரத்திலிருந்து மெல்ல இருண்டு புளியின் நிறத்துக்கு வரும். அந்த நிறம் நடுவில் வந்து சேர்ந்த பிறகுதான் காலை நுழைப்பார். ஐப்பசி மழையில் தெருவெல்லாம் தண்ணீர் நிற்கும்போதும் இதேதான். சுரங்கத்தில் வேலை பார்த்த காலத்தில் அங்கே கொடுத்த பூட்ஸுக்கும் இந்த மரியாதை நடந்தது. “பெரியண்ணன் பூட்ஸுக்குக் காப்பி குடுத்துகினு இருக்காரு, இப்ப வந்துருவாரு” என்று ஷிஃப்ட் பஸ்ஸில் சிரிப்பார்கள். அவரும் சிரித்துக்கொண்டே ஏறுவார். காரணம் சொன்னதில்லை.

காரணம் பெரிதாக ஒன்றுமில்லை. முத்தாண்டிக்குப்பத்தில் அவர் அப்பாவுக்கு முந்திரித் தோப்பும் ஒரு கிணறும் இருந்தன. மாடு கட்டிக் கவலையில் தண்ணீர் இறைப்பார்கள். தண்ணீர் அள்ளும் சாலுக்கு அடியில் யானைத் துதிக்கை போல ஒரு தோல் வால் தொங்கும். கிணற்றிலிருந்து வரும் தண்ணீர் அதன் வழியாகத்தான் வாய்க்காலில் விழும். இறைப்பு இல்லாத நேரத்திலும் அந்த வால் ஈரத்திலேயே கிடக்க வேண்டும். அதைப் பார்த்துக்கொள்வது பெரியண்ணனின் வேலை. ஒரு சித்திரை மத்தியானம் மறந்துபோனார். வரப்பில் கிடந்து காய்ந்த தோல், மாடு இறங்கிய முதல் இறைப்பிலேயே நீளவாக்கில் கிழிந்தது. அப்பா அடிக்கவில்லை. கிழிந்த தோலை மடியில் போட்டுக்கொண்டு பொழுது சாயும்வரை கிணற்றடியிலேயே உட்கார்ந்திருந்தார். அடித்திருந்தால் மறந்திருக்கும். கிணற்றுக்கு மோட்டார் வந்தது, மாடுகளை விற்றார்கள், இவர் சுரங்கத்தில் காண்ட்ராக்டில் சேர்ந்து பர்மனென்ட் ஆகி ரிட்டையரும் ஆனார். கைக்கு மட்டும் இன்னும் அந்த மத்தியானம் முடியவில்லை.

அவருடைய ஒரே மகள் சங்கீதாவை நெய்வேலி டவுன்ஷிப்பில் கொடுத்திருந்தார். சம்பந்தி சங்கரலிங்கம் மதுரைப் பக்கத்துக்காரர். சுரங்கத்துக்கு அடியில் இருக்கும் தண்ணீரை இறைத்துக்கொண்டே இருக்கும் பம்புகளில் அவருக்கு வேலை. இருபத்தொன்பது வருடமாக நெய்வேலி. அவர் பேச்சில் பாதி மதுரை தேய்ந்துபோயிருந்தது. மீதிப் பாதி தேய மறுத்தது.

சித்திரை பிறந்து நாலாம் நாள், ஒரு பலாப்பழத்தையும் பையில் முந்திரிப்பருப்பையும் எடுத்துக்கொண்டு பெரியண்ணன் பஸ் ஏறினார். சங்கீதாவுக்கு ஏழு மாதம். தாய் இல்லாத பெண் என்பதால் பிரசவம் மாமியார் வீட்டிலேயே என்று முடிவாகியிருந்தது. டவுன்ஷிப்புக்குள் பஸ் திரும்பியதும் வெயிலின் குரல் இறங்கிவிடும். அகலமான ரோடுகள், ஒன்றைப் பார்த்து ஒன்று செய்த மாதிரி குவார்ட்டர்ஸ், அவற்றின்மேல் ஒன்றைப்போல ஒன்று இல்லாத மரங்கள். நிழல் ஒரு வீட்டிலிருந்து அடுத்த வீட்டுக்கு நடந்தே போய்க்கொண்டிருந்தது.

அன்று சாயங்காலம் ஷிஃப்ட் முடிந்து வந்த சங்கரலிங்கம், கை கால் கழுவிவிட்டு, பின்கட்டுச் சுவரில் ஆணியில் தொங்கிய எதையோ இடது கையால் எடுத்தார். முழு ஆட்டின் தோல். தலையில்லை. கழுத்து வாயாகத் திறந்திருந்தது. மூன்று கால்கள் நூலால் இறுகக் கட்டப்பட்டிருந்தன. ஒரு முன்னங்காலில் மட்டும் சின்னப் பித்தளைக் குழாய். கழுத்தில் வாய் வைத்து அவர் ஒரே ஒரு மூச்சு ஊதினார். தோல் மெதுவாகப் புரண்டு படுத்தது. பிறகு அதைக் காதோடு வைத்துக் கண்ணை மூடிக்கொண்டார்.

பெரியண்ணன் அருகில் போய் நின்றார்.

“இது என்னாங்க சம்பந்தி?”

“தோப்பறை.”

“தோப்பறையா?”

“எங்க ஊருல அப்படித்தான் சொல்லுவோம். துருத்தின்னும் சொல்றதுண்டு.”

“துருத்தின்னா கொல்லன் வூட்டுல காத்து ஊதுறதுங்களே.”

“அது காத்துக்கு, இது தண்ணிக்கு. அழகர் ஆத்துல எறங்குறப்ப இதுலதான் தண்ணி பீய்ச்சணும். வெயில்ல வர்றாருல்ல.”

“எங்கப்பா கெணத்துல தோலு வச்ச சாலு இருந்துச்சு. அதுவும் தண்ணிக்குத்தான். ஆனா சாமிக்கு இல்ல, கத்திரிக்காய்க்கு.”

சங்கரலிங்கம் சிரித்தார். சிரித்து முடித்தபின் சொன்னார். மகன் அருண்பிரசாத் ஆறு மாதக் குழந்தையாக இருந்தபோது ஒன்பது நாள் காய்ச்சல் இறங்கவில்லை. என் கால் நடக்கிறவரைக்கும் வருடா வருடம் வந்து உனக்குத் தண்ணீர் பீய்ச்சுகிறேன் என்று அழகரிடம் வேண்டிக்கொண்டார். பத்தாம் நாள் உடம்பு குளிர்ந்தது. இருபத்தெட்டு வருடம் தவறவில்லை. கொரோனாவில் ஊரே மூடிக் கிடந்த இரண்டு வருடமும் இந்தப் பின்கட்டில் நின்று மாமரத்துக்குப் பீய்ச்சினார். மதுரைக்குக் கொண்டுபோகிற தண்ணீர்கூட இங்கிருந்துதான், அவர் பம்பு பூமிக்கடியிலிருந்து இழுக்கும் தண்ணீரில் ஒரு கேன்.

“கீழ இருக்கிற தண்ணி சும்மா இருக்காது சம்பந்தி. மேல வரணும்னு முட்டிக்கிட்டே இருக்கும். அதுல கொஞ்சத்தை நான் கையில தூக்கிட்டுப் போயி இன்னும் மேல விடுறேன். அவ்வளவுதான்.”

“இந்த வருசம் எப்பங்க?”

“அடுத்த வாரம் பௌர்ணமி.” சங்கரலிங்கம் தோப்பறையை ஆணியில் மாட்டினார். “பேரப்பிள்ளை வேற வருது. போகாம இருக்கப்படாது.”

‘போறேன்’ என்று அவர் சொல்லவில்லை. அதைப் பெரியண்ணன் கவனிக்கவில்லை. அவர் கண் முழுக்கத் தோலில் இருந்தது. அது காய்ந்திருந்தது.

மறுநாள் சங்கரலிங்கம் ஃபர்ஸ்ட் ஷிஃப்ட் போய்விட்டார். அருண்பிரசாத்தும் வேலைக்குப் போயாயிற்று. அவன் அம்மா புஷ்பவல்லி சங்கீதாவைக் கூட்டிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குக் கிளம்பினாள். போகும்போது, “அண்ணே, சாப்பாடு மூடி வச்சிருக்கேன், போட்டுச் சாப்பிட்டுத் தூங்குங்க” என்றாள்.

சாப்பிட்டார். தூக்கம் வரவில்லை. பின்கட்டுக்கு வந்து அண்ணாந்து பார்த்தார். அனல் காற்றில் தோல் லேசாக ஆடியது. தாகத்தில் தலை கவிழ்ந்து நிற்கும் ஆட்டுக்குட்டி போல இருந்தது. தொட்டுப் பார்த்தார். விறைப்பு. பௌர்ணமிக்கு ஆறு நாள் இருக்கிறது. அதற்குள் நீளவாக்கில் ஒரு கோடு விழுந்தால்? கிணற்றடியில் ஒரு மனிதர் மடியில் தோலோடு உட்கார்ந்திருந்தார்.

பெரியண்ணன் தோப்பறையை இறக்கினார். பாத்ரூம் வாளியில் வைத்துக் குழாயைத் திறந்தார். மொட்டைமாடித் தொட்டித் தண்ணீர், சித்திரை வெயிலில் கொதித்துப்போய் வந்தது. தோல் அதை வாங்கிக்கொண்டது. மெல்ல உப்பியது, இளகியது, நிறம் மாறியது. அவருக்கு நெஞ்சில் ஏதோ இறங்கிப்போன மாதிரி இருந்தது. கூடத்தில் மின்விசிறிக்கு அடியில் துண்டை விரித்துப் படுத்தார். கனவில் அந்த ஆட்டுக்குட்டி கிணற்று நீரில் நீந்திக்கொண்டிருந்தது. பூமிக்கடியில் எங்கேயோ ஒரு பம்பு ஓடும் சத்தம் கேட்டது. யாரோ அவர் தலைமாட்டில் உட்கார்ந்து, கோபமில்லாமல் தலையைத் தடவினார்கள்.

“அண்ணே.” புஷ்பவல்லியின் குரல். “வாளியில ஊறப்போட்டது யாரு?”

வாளித் தண்ணீரில் மஞ்சளாக மெழுகுத் துணுக்குகள் மிதந்தன, உதிர்ந்த வேப்பம்பூ போல. கால் முடிச்சுகளில் மெழுகும் விளக்கெண்ணெயும் குழைத்துப் பூசியிருந்ததாம். அது இளகி, நூல் தளர்ந்து, இடது பின்னங்கால் பாதி அவிழ்ந்திருந்தது. புஷ்பவல்லி தூக்கிப் பிடித்தாள். அந்தக் காலிலிருந்து தண்ணீர் சொட்டியது, சொட்டு நிற்கவில்லை.

“ஏம்பா, கேட்டுட்டுச் செய்யக் கூடாதா?” என்றாள் சங்கீதா. “மாமா இதைக் கொழந்தை மாதிரி வச்சிருக்காரு.”

“தோலு காயுதேன்னு பாத்தேன் கண்ணு.”

“எண்ணெ போட்ட தோலுப்பா இது. தண்ணியில போடுற தோலு இல்ல.”

பெரியண்ணன் வாசலில் போய் உட்கார்ந்தார். செருப்பு வெயிலில் கிடந்தது. அதற்கு அன்று தண்ணீர் காட்டவில்லை. மூன்று மணிக்குச் சங்கரலிங்கத்தின் சைக்கிள் வந்தது. உள்ளே மெதுவாகப் பேசும் சத்தம் கேட்டது. அவருக்கு எழுந்து போகவும் முடியவில்லை, உட்காரவும் முடியவில்லை. கால் நடக்கிறவரைக்கும் என்று ஒரு மனிதன் சொன்ன சொல்லை, நடக்கிற காலோடு இருக்கும்போதே ஒரு வாளித் தண்ணீரில் கரைத்துவிட்டோம் என்று தோன்றியது. அதுவும் பிறக்கப்போகிற பிள்ளை தனக்கும் பேரன் அல்லது பேத்தி.

வெகுநேரம் கழித்துச் சங்கரலிங்கம் வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். மடியில் தோப்பறை. பெரியண்ணனுக்கு அதைப் பார்க்கத் துணிவில்லை.

“புதுசு ஒண்ணு வாங்கிக் குடுத்துர்றேங்க சம்பந்தி. எங்க கெடைக்கும்னு மட்டும் சொல்லுங்க.”

“புதுசுல எல்லாம் எனக்குப் பீய்ச்ச வராது. இதுலதான் கை பழகிருக்கு.”

“அப்ப என்னாங்க பண்றது?”

சங்கரலிங்கம் இடது பின்னங்காலை விரலால் அழுத்தினார். சொட்டு நின்றது. விரலை எடுத்தார். சொட்டியது. மறுபடி அழுத்தினார்.

“கட்டுனாலும் கசியும். ஒண்ணு பண்ணுவோம். நீங்களும் என்கூட மதுரைக்கு வாங்க. நான் பீய்ச்சுறேன். நீங்க இந்தக் காலைப் பொத்திப் பிடிச்சுக்கங்க.”

“நானா?”

“வேற யாரு? ஊறப்போட்டது நீங்கதான.”

சொல்லும்போது அவர் முகத்தில் கோபம் இல்லை. பெரியண்ணன் அதை நல்ல மனசு என்று எடுத்துக்கொண்டார்.

விருத்தாசலத்தில் ரயில் ஏறினார்கள். ஒரு கேன் நெய்வேலித் தண்ணீர், மஞ்சள் பையில் தோப்பறை, ஒரு டப்பாவில் புளிசோறு. வழியெல்லாம் பெரியண்ணன் பையை மடியிலேயே வைத்திருந்தார். மதுரையில் தண்ணீர் பீய்ச்ச வருகிறவர்களைப் போலீஸ்காரர்கள் நிறுத்திப் பார்த்தார்கள். மோட்டார் பம்பு கூடாது, தோல்பைதான். இவர்களைப் பார்த்து ஒரு போலீஸ்காரர் கேட்டார்: “ஒரு பைக்கு ரெண்டு பேரா?”

“இது வயசான பைங்க. தொணை வேணும்” என்றார் பெரியண்ணன்.

சங்கரலிங்கம் தலையில் உருமா கட்டி, பட்டுத்துணியில் தைத்த உடுப்பைப் போட்டுக்கொண்டார். வீட்டில் பார்த்த மனிதரா என்று இருந்தது. கேன் தண்ணீரைப் பன்னீர் கலந்து தோப்பறையில் ஊற்றியதும் அது அவர் தோளில் உயிருள்ள குட்டி போலப் புரண்டது. பெரியண்ணன் பின்னால் நின்று, கட்டைவிரலுக்கும் ஆட்காட்டி விரலுக்கும் நடுவே இடது பின்னங்காலைப் பிடித்தார். அப்படியே நடந்தார்கள். கூட்டம் ஒரு ஆறு. உண்மையான ஆறு எங்கே தொடங்குகிறது என்று தெரியவில்லை. யார் யாரோ இடித்தார்கள். “யோவ், ஆட்டுக்காலை விட்டுட்டு நடய்யா” என்றது ஒரு குரல். அவர் விடவில்லை. விரல் மரத்துப்போனது. அப்படியும் கொஞ்சம் கசிந்து மணிக்கட்டில் இறங்கி முழங்கை வரைக்கும் ஓடியது. குளிர்ந்த தண்ணீர். சித்திரை வெயிலுக்கு நடுவே அந்த ஒரு கோடு மட்டும் வேறு பருவத்தில் இருந்தது.

ஆற்றங்கரை மண்டபத்தருகே அழகரின் தங்கக் குதிரை வந்தது. கோவிந்தா என்று நாலு பக்கமும் எழுந்த சத்தத்தில் காது அடைத்து, அதற்கப்புறம் எல்லாம் சத்தமில்லாமல் நடந்த மாதிரிதான் அவருக்கு நினைவு. சங்கரலிங்கம் குழாயைத் தூக்கப் பார்த்தார். வலது கை தோளுக்கு மேல் எழவில்லை. இடது கைக்கு மாற்றினார். அமுக்க வேண்டிய கை, தூக்கும் கையாகிவிட்டது. பீய்ச்சிய தண்ணீர் ஆள் உயரம்கூடப் போகாமல் முன்னால் நின்றவர் முதுகில் விழுந்தது.

“அமுக்குங்க சம்பந்தி” என்றார் திரும்பாமல்.

பெரியண்ணன் ஒரு கையில் காலை விடாமல், மறு கையால் தோப்பறையின் வயிற்றை மார்போடு சேர்த்து அணைத்து அமுக்கினார். குட்டியை அணைக்கிற மாதிரிதான். தண்ணீர் எழுந்தது. மெல்லிய வில்லாக வளைந்து, வெயிலில் ஒரு நொடி நின்று, குதிரையின் கழுத்தில் கிடந்த மாலையில் போய் விழுந்தது.

“விழுந்துச்சுங்களா?”

“விழுந்துருச்சு.”

இருவரும் நனைந்துபோயிருந்தார்கள். தோப்பறை காலியாகிப் பெரியண்ணனின் கைகளில் மடிந்து தூங்கியது. ஊருக்குத் திரும்பும்வரை அதற்கு அவர் ஒரு சொட்டுத் தண்ணீர் காட்டவில்லை. திரும்பிய அன்று விளக்கெண்ணெய் வாங்கிக்கொண்டு வந்து தானே தடவினார்.

ஆனி மாதம் சங்கீதாவுக்குப் பெண் பிறந்தது. பிள்ளையைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்த ஒரு நாளில்தான் புஷ்பவல்லி அவளிடம் சொன்னாள். அந்த இடது பின்னங்கால் மூன்று வருடமாகவே ஒழுகிக்கொண்டிருந்தது. மெழுகு பூசியும் நிற்கவில்லை. ஒரு கையால் அதைப் பொத்திக்கொண்டு ஒரு கையால் பீய்ச்சித்தான் சங்கரலிங்கம் காலம் தள்ளியிருக்கிறார். தை மாதம் வலது தோள்பட்டை பிடித்துக்கொண்ட பிறகு அதுவும் முடியாமல் போயிற்று. துணைக்கு வா என்று யாரையும் கேட்க அவருக்கு வாய் வராது. அதனால் இந்த வருடம் மதுரைக்கு அவர் லீவே கேட்டிருக்கவில்லை. லீவு லெட்டரை எழுதியது, தோப்பறை வாளியில் ஊறிய அன்று சாயங்காலம்.