சர்ச்சுக்குப் போன ராணுவ பூட்ஸ்

ஆம்பூரில் நான் வேலை பார்க்கும் ஷூ கம்பெனிக்கு ஒரு சினிமா ஆர்டர் வந்தது. ஐரோப்பாவில் யாரோ கையைக் கடிக்கிற பட்ஜெட்டில் போர்க்காலப் படம் எடுக்கிறார்கள். ஊரைப் பிடித்துக்கொண்ட எதிரிப் படைக்கு முப்பது ஜோடி பூட்ஸ் வேண்டும், அதுவும் போட்டுத் தேய்ந்தது போல இருக்க வேண்டும். சாம்பிள் செக்‌ஷன் என் பொறுப்பு. எனக்குத் தலைகால் புரியவில்லை. இரண்டு நாள் உப்புத்தாளால் தேய்த்து, எல்லாவற்றையும் பழசாக்கி வைத்துவிட்டு வீட்டுக்குப் போனேன்.

சனிக்கிழமை காலை வந்து பார்த்தால் முப்பது ஜோடியும் பளபளவென்று மின்னுகின்றன! ஃபினிஷிங் செக்‌ஷன் அக்கா எனக்கு முன்னாலேயே வந்து மெழுகு பூசி பாலீஷ் போட்டிருந்தார்.

"இவ்ளோ கீறலோட அனுப்புனா ரிஜெக்ட் ஆய்டும்மா. அதான் சரி பண்ட்டேன்" என்றார் பெருமையாக.

கீறலைக் கண்டால் சும்மா இருக்காத கை அது. சொல்லாமல் போனது என் தப்பு. ஆனாலும் அவர்மேல் எரிந்து விழுந்தேன். மேனேஜர் என்னை மிஞ்சினார். "திங்கக்கிழமை வீடியோ கால்ல அந்த சினிமாக்காரம்மா பாஸ் பண்ணலன்னா, நீங்க வேலைக்கு வர வேணாம்" என்று அக்காவிடம் சொல்லிவிட்டார்.

மறுபடி உப்புத்தாள் போட்டால் தோல் ஓட்டையாகிவிடும். தேய்ந்தது போலத்தானே வேண்டும்? போட்டே தேய்த்துவிட்டால் போயிற்று! கம்பெனி ஆட்களுக்கு ஆளுக்கு ஒரு ஜோடி கொடுத்து, ஞாயிறு முழுக்கப் போட்டுக்கொண்டு நடக்கச் சொல்லி அனுப்பினேன்.

அப்படியொரு ஞாயிற்றுக்கிழமையை நான் கண்டதே இல்லை. ஒருவர் பூட்ஸோடு வேர்க்கடலைக் கொல்லையில் களை வெட்டினார். மூன்று பேர் ஏலகிரிக்கு நடந்தே ஏறினார்கள். அக்கா பூட்ஸுக்குள் துணி அடைத்துக்கொண்டு, பட்டுப்புடவையோடு சர்ச்சுக்கே போய்விட்டார்.

"வாசல்ல கழட்டி வச்சா, எந்த போலீசு வந்துருக்காருன்னு எல்லாரும் தேட்றாங்கம்மா!" என்று போனில் சிரித்தார்.

திங்கட்கிழமை சினிமாக்கார அம்மா ஒவ்வொரு ஜோடியாகத் திருப்பித் திருப்பிக் காட்டச் சொன்னார். கடைசியில் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினாரே பார்க்கலாம், நாங்கள் போட்ட சத்தத்தில் பக்கத்து செக்‌ஷன் ஓடி வந்தது. மேனேஜர் ஒன்றும் நடக்காதது போல டீ குடிக்கப் போய்விட்டார்.

பல மாதம் கழித்துப் படம் வந்தது. சாப்பாட்டு நேரத்தில் கேன்டீனில் லேப்டாப்பைச் சுற்றி உட்கார்ந்தோம். பேச்சு ஒன்றும் புரியவில்லை. படைக்கு ஆள் பிடிக்கக் காசில்லை போல, வெறும் கால்களையே காட்டினார்கள். மொத்த ராணுவமும் எங்கள் பூட்ஸ்தான்! ஒவ்வொரு முறையும் விசில் பறந்தது.

திடீரென்று ஒரு குதிகால் திரை முழுக்க வந்தது.

"அய்யோ, அது நான் போட்டது! என் எடது காலு இப்படித்தான் உள்பக்கம் தேயும்!" என்று அக்கா எழுந்து கை தட்டினார்.

அந்தக் கால் ஒரு வீட்டு வாசலில் நின்றது. உள்ளே ஒரு தாய் தன் குழந்தையின் வாயைப் பொத்தினாள். பூட்ஸ் கதவை எட்டி உதைத்தது.

அக்கா சட்டென்று உட்கார்ந்து, இரண்டு கால்களையும் பெஞ்சுக்கடியில் இழுத்துக்கொண்டார்.