லென்ஸைப் பார்க்காதே

“லென்ஸப் பாக்காதயும் வேய். நான் இங்க இல்லன்னு நெனச்சுக்கிடும்.”

கோட்டாறு கடைத்தெருவில் கேமராவும் கையுமாகக் குந்தியிருக்கும் ராஜையன் இதைச் சொல்லிச் சொல்லியே தொண்டை கட்டிப்போனவர். மூட்டை சுமப்பவர் சரி என்று தலையாட்டிவிட்டு, மறுபடியும் லென்ஸைப் பார்த்து ஒரு சிரிப்புச் சிரிப்பார். ராஜையன் தலையில் அடித்துக்கொள்வார்.

இத்தனைக்கும் மனிதருடைய பிழைப்பு போட்டோ ஸ்டூடியோ. அங்கே கறுப்புத் துணிக்குள் தலையை விட்டுக்கொண்டு, “லென்ஸப் பாருங்க, லென்ஸப் பாருங்க” என்று கெஞ்சுவதும் இதே வாய்தான். கேட்டால், “அது வயித்துக்கு. இது வேறயாக்கும்” என்பார்.

குலசேகரத்து ரப்பர் தோட்டத்துத் துரை 1947இல் கப்பலேறும்போது விற்றுவிட்டுப் போன சினிமாக் கேமரா அது. சாவி முறுக்கினால் அரை நிமிடம் ஓடும். அதை வைத்து இதுவரை மூன்று படம் எடுத்திருக்கிறார். ஒன்றிலும் கதையில்லை, பாட்டில்லை, விளக்கம் சொல்லும் குரலும் இல்லை. முதல் படம் முழுக்கச் சந்தைக்கு வந்துபோகும் கால்கள். இரண்டாவதில் ஒரே ஒரு ரப்பர் மரம். சிரட்டையில் பால் சொட்டிக்கொண்டே இருக்கிறது. சர்ச் வளாகத்தில் வேட்டியைத் திரையாகக் கட்டிக் காட்டியபோது, உபதேசியார் ஜெபமணி பொறுமையாக இருந்து பார்த்தார்.

“பால் சொட்டுது, சரி. பொறவு என்னவாக்கும் நடக்கும்?”

“பொறவும் சொட்டும்” என்றார் ராஜையன். கூட்டம் சிரித்தது. அவர் சிரிக்கவில்லை.

கேமராவைக் கண்டதும் மனுஷன் வேஷம் கட்டிவிடுகிறான் என்பது அவர் கட்சி. அதனால் யாராவது லென்ஸைப் பார்த்துவிட்டால், அந்தத் துண்டைக் கத்தரித்து எறிந்துவிடுவார். பம்பாய்க்குப் போய்க் கழுவி வரும் பிலிம் அது. கழுவி வரும் அதே சுருள்தான் படம்; தனியாக நெகட்டிவ் கிடையாது, வெட்டினால் வெட்டினதுதான்.

மூன்றாவது படம் திற்பரப்பு அருவி. மனைவி நேசபாயும் கூடப் போயிருந்தாள். பாறையில் நின்று ஈர முந்தானையைப் பிழிந்தவள், நிமிர்ந்து பார்த்து வாய்நிறையச் சிரித்துவிட்டாள். பிலிம் கழுவி வந்ததும் ராஜையன் குறைபட்டுக்கொண்டே கத்தரியை எடுத்தார்.

“நீயும் லென்ஸப் பாத்துட்டியே.”

“லென்ஸயா பாத்தேன்? ஒங்களயில்லா பாத்தேன்” என்றாள் நேசபாய்.

அது அவர் காதில் ஏறவில்லை. தரையில் விழுந்த துண்டுகளை அவளே கூட்டி அள்ளிக் குப்பையில் கொட்டினாள்.

போன மழைக்காலத்தில் நேசபாய் காய்ச்சலில் போய்விட்டாள். சுவரில் கல்யாணப் படம் தொங்குகிறது. அதில் சொன்னபடி லென்ஸைப் பார்த்துக்கொண்டு, வாத்தியாருக்குப் பயந்த பிள்ளையைப் போல நிற்கிறாள். “அவ சிரிச்சத எடுத்தவனும் நாந்தான், வெட்டினவனும் நாந்தான். பெரிய கலைஞன்” என்கிறார் ராஜையன். தன் கொள்கையை நினைத்தால் அவருக்கே இப்போது ஆத்திரமாக வருகிறது. கடைத்தெருவில் வாய் பழக்கத்தில் ஏதோ சொல்கிறதே ஒழிய, கத்தரி இழுப்பறையை விட்டு வெளியே வருவதில்லை.

ஸ்டூடியோவை அடைத்த பிறகு தனியாக அருவிப் படத்தை ஓட்டுவார். புரொஜெக்டருக்கு முன்னால் பெஞ்சில் உட்கார்ந்திருப்பார். திரையில் நேசபாய் முந்தானையைப் பிழிகிறாள். நிமிரத் தொடங்குகிறாள். ஒட்டுப்போட்ட இடம் வந்து படம் ஒரு துள்ளுத் துள்ளும்; பிறகு பாறையில் ஆளில்லை, தண்ணீர் மட்டும் விழுகிறது.

அந்த இடம் வந்ததும் ராஜையன் திரையை விட்டுத் திரும்புகிறார். கண் கூசக் கூச, வெளிச்சம் வரும் லென்ஸை நேராகப் பார்த்துச் சிரிக்கிறார்.