கேட்காமல் போட்ட மாலை

ஆறேழு வருஷத்துக்கு முன்னால், ஒரு மாசி மாதம். சின்னசேலம் கடைத்தெருவில் நான் போட்டோ ஸ்டூடியோ வைத்திருக்கிறேன். இலங்கைத் தமிழர் முகாமிலிருந்து அறுபது வயது மதிக்கத்தக்க அம்மா ஒருவர் வந்தார். கையில் பழைய அடையாள அட்டையிலிருந்து உரித்தெடுத்த சின்னப் படம். மீசை அரும்பிய முகம். பெரிதாக்கி பிரேம் போடச் சொன்னார். மறுநாள் இலங்கைக்குப் போகிற ஒருவரிடம் கொடுத்தனுப்ப வேண்டுமாம்.

எங்கள் பக்கம் இப்படி ஒற்றைப் பழைய படம் வந்தால் அது கருமாதிக்குத்தான். 'எப்போ தவறினார்?' என்று கேட்டு யாரையும் அழவைக்கக் கூடாது என்பது என் கொள்கை. நானாகவே ரோஜா மாலையும் இரண்டு பக்கம் குத்துவிளக்கும் வைத்துவிடுவேன். அதில் எனக்குக் கொஞ்சம் பெருமை வேறு. இதற்கும் அப்படியே செய்தேன்.

காலையில் வந்து படத்தை வாங்கிப் பார்த்தார். முந்தானையால் கண்ணாடியைத் துடைத்தார். மாலை இருந்த இடத்தையே திரும்பத் திரும்பத் துடைத்தார்.

"தம்பி, என்ர மகன் செத்துப்போனான் எண்டு ஆர் சொன்னது உங்களுக்கு?"

நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது. 2009-இல் இலங்கையில் சண்டை முடிகிற நாட்களில், அவர் கையைப் பிடித்து நடந்து வந்த மகனை ராணுவத்தினர் வழியில் நிறுத்தி, விசாரித்துவிட்டு விடுகிறோம் என்று கூட்டிப் போனார்களாம். அதன் பிறகு ஒரு சேதியும் இல்லை. அங்கே அவருடைய அக்கா, பிள்ளைகளைத் தொலைத்த மற்ற அம்மாக்களோடு தெருவோரம் உட்கார்ந்து, படத்தைக் காட்டி 'எங்கே?' என்று கேட்டுக்கொண்டிருக்கிறாராம். அதற்குத்தான் இந்தப் படம். நானோ மாலை போட்டு அந்தக் கேள்வியையே முடித்து வைத்திருந்தேன்.

"ஐயோ, தெரியாம பண்ணிட்டேம்மா. கொஞ்சம் இப்பிடி குந்துங்க, இப்பவே எடுத்துடறேன்."

மாலையை எடுத்ததும், பின்னாலிருந்து தயங்கித் தயங்கிக் கேட்டார்.

"வயசைக் கூட்டலாமோ தம்பி? இதில பத்தொன்பது. இப்ப ஆராவது கண்டாலும் அடையாளம் தெரிய வேணுமெல்லோ."

கம்ப்யூட்டரில் மீசையை அடர்த்தியாக்கினேன். அவன் அப்பாவுக்கு இந்த வயதில் முன்நெற்றி ஏறிவிட்டது என்றார், முடியைக் குறைத்தேன். வயதைக் காட்டக் கன்னத்தைக் கொஞ்சம் ஒட்ட வைக்கப் போனேன். சட்டென்று என் தோளைத் தொட்டார்.

"மெலிய விடாதேங்கோ தம்பி. எங்கயோ நல்லாச் சாப்பிட்டுக்கொண்டுதான் இருப்பான்."

நான் அழுதுவிட்டேன். அவர் அழவில்லை. கன்னத்தை நிரப்பி, புதுப் படம் போட்டுக் கொடுத்தேன்.

மகன் கிடைத்தானா என்று அவரிடம் கேட்க இன்றுவரை எனக்குத் தைரியம் வரவில்லை. ஆனால் யார் பழைய படம் கொண்டுவந்தாலும், மாலையைத் தொடும் முன் இப்போது வாய்விட்டுக் கேட்டுவிடுகிறேன். ஒரு தாய் மனசுக்குள் இன்னும் சோறு போட்டுக்கொண்டிருக்கும் பிள்ளையை நான் கொன்றுவிடக் கூடாதில்லையா?