பெரியப்பா கழற்றிய மோட்டார்

இப்போது நான் இருக்கும் ஸ்ரீரங்கத்தில் குழாயைத் திறந்தால் தண்ணீர் வந்துவிடுகிறது. நான் பிறந்தது மணப்பாறைப் பக்கம். அங்கே பேரூராட்சிக் குழாயில் நாலு நாளைக்கு ஒரு முறைதான் வரும். அந்தப் பேரூராட்சிக்கு என் பெரியப்பா ஒரு தடவை தலைவராக இருந்தார்.

அவர் முதலில் வந்தபோது அது ஊரே இல்லையாம். கருவேலங்காடு, நடுவில் ஒரு ரோடு. தகரக் கொட்டகை போட்டு, பைப்பும் மோட்டாரும் விற்க உட்கார்ந்தார். யாருக்கு விற்கப்போகிறார் என்று சொந்தக்காரர்கள் சிரித்தார்கள். ஆனால் அவர் மோட்டார் ஓடிய இடத்திலெல்லாம் வயல் வந்தது, வீடு வந்தது, கடைசியில் பள்ளிக்கூடமும் வந்தது. பஸ் கண்டக்டர்கள் ‘பைப் கடை’ என்று கூவிக் கூவி அதையே ஊர்ப் பெயராக்கிவிட்டார்கள். அப்படிப்பட்டவர் தேர்தலில் நின்றதும் ஜெயித்ததும் யாருக்கும் ஆச்சரியமாக இல்லை. அப்பாவையும் அவர்தான் அழைத்துவந்து முன் தெருவில் குடிவைத்தார்.

எனக்கு ஒன்பது வயதான கோடையில் கடைசித் தெருவுக்குத் தண்ணீர் அடியோடு நின்றுபோனது. காரணம் நாங்கள்தான். முன் தெருக்காரர்கள் பேரூராட்சிக் குழாயிலேயே மோட்டாரை மாட்டி, வருகிற தண்ணீரை உறிஞ்சிக்கொண்டிருந்தோம். எங்கள் வீட்டு மோட்டார் குளியலறை மூலையில், பிளாஸ்டிக் கூடைக்கு அடியில் இருந்தது. அதை வெளியில் சொல்லக் கூடாது என்று அம்மா என்னிடம் சத்தியமே வாங்கியிருந்தாள்.

ஒருநாள் கடைசித் தெருப் பெண்கள் குடங்களோடு ரோட்டில் உட்கார்ந்துவிட்டார்கள். பஸ்கள் நின்றன. மறுநாள் காலை பெரியப்பா பேரூராட்சியில் குழாய் வேலை பார்க்கும் பிட்டரைக் கூட்டிக்கொண்டு வீடு வீடாகப் பார்க்கக் கிளம்பினார். அடுத்த தேர்தலுக்கு ஆறு மாதம்கூட இல்லை. முதலில் வந்தது எங்கள் வீட்டுக்கு.

அப்பா வாசலிலேயே நின்று, இங்கே அப்படி எதுவும் இல்லை என்றார். பிட்டருக்கு அது போதுமாக இருந்தது. அடுத்த வீட்டுப் பக்கம் திரும்பிவிட்டார். பெரியப்பா செருப்பைக் கழற்றிவிட்டு நேராகக் குளியலறைக்குப் போய்க் கூடையைத் தூக்கினார். தேடவே இல்லை. தூக்கத்தில் உளறி நான்தான் காட்டிக்கொடுத்துவிட்டேனோ என்று பயந்தேன். பிட்டர் ஸ்பானரோடு உள்ளே வந்தார். பெரியப்பா அதை வாங்கிக்கொண்டார்.

“மாட்டினது நான்தான். நானே கழட்டுறேன்.”

ஊரில் இருந்த அத்தனை திருட்டு மோட்டாரும் அநேகமாக அவர் கடையில் வாங்கியதுதான் என்று பிறகு தெரிந்தது. ஈரத்தரையில் குந்தி உட்கார்ந்து, வேட்டி நனைய, துருப்பிடித்த போல்ட்டோடு அவர் வெகுநேரம் மல்லுக்கட்டினார்.

“தம்பி வீடுதான் கிடைச்சுதா அண்ணே?” என்றார் அப்பா.

“இதை விட்டுட்டு வேற எந்த வீட்டுக்குள்ளடா நான் போவேன்?”

எங்கள் வீட்டுக்குப் பிறகு முன் தெருவில் மற்ற மோட்டார்களும் கழன்றன. அந்த வாரமே கடைசித் தெருவுக்குத் தண்ணீர் வந்தது. அப்பா அவரோடு பேசுவதை நிறுத்திக்கொண்டார். பெரியம்மா கொடுத்தனுப்பிய முறுக்கைக்கூடத் தொடவில்லை. நானும் அம்மாவும் தின்று தீர்த்தோம். முன் தெருவில் பலரும் பெரியப்பாவைப் பார்த்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

தேர்தலன்று காலை அப்பா சலவைச் சட்டை போட்டுக்கொண்டு கிளம்பினார். பள்ளிக்கூட பூத்தில் அன்று முழுக்கப் பெரியப்பாவுக்கு ஏஜெண்டாக உட்கார்ந்திருந்தது அவர்தான். பேசாதவருக்கு எதற்கு வேலை செய்கிறார் என்று அம்மாவைக் கேட்டேன். போய்ப் படி என்றாள்.

பெரியப்பா தோற்றுப்போனார். செய்தி வந்ததும் அப்பா என்னையும் வண்டியில் ஏற்றிக்கொண்டு கடைக்குப் போனார். ஆள் நடமாட்டமே இல்லை. பெரியப்பா பெஞ்சில் தனியாக உட்கார்ந்திருந்தார். அப்பா பக்கத்தில் போய் உட்கார்ந்தார். பெரியப்பா டீக்கடைப் பக்கம் மூன்று விரலைக் காட்டினார். டீ வந்தது. குடித்தார்கள். ரோட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். வெயில் தாழ்ந்ததும் அப்பா எழுந்து, வேட்டியைத் தட்டிவிட்டு, வண்டியைக் கிளப்பினார்.

வீட்டில் நுழைந்ததும் அம்மா என்னைத் தனியாகக் கூப்பிட்டு, இரண்டு பேரும் பேசிக்கொண்டார்களா என்று கேட்டாள்.

“இல்லம்மா. இன்னும் கோபமாத்தான் இருக்காங்க” என்றேன்.

அம்மா சிரித்தாள். இதில் சிரிக்க என்ன இருக்கிறது என்று எனக்கு எரிச்சலாக வந்தது.