நாற்பது நாள் ஓடிய படம்

தையல்காரம்மாவுக்குப் பெட்டிக்காரர் கொடுக்க வேண்டியது ஆயிரத்து எண்ணூறு. அவருடைய முதல் படத்துக்கு அந்த அம்மா உடை தைத்த கூலி. இருபத்தாறு வருஷமாக நின்ற பாக்கி.

பெட்டிக்காரர் என்றால் லேசுப்பட்ட ஆள் என்று நினைத்துவிடாதீர்கள். நாலாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவர். தியேட்டர் தியேட்டராகப் படப்பெட்டி சுமந்தவர், பிறகு அதே பெட்டியோடு விமானம் ஏறினார். முப்பத்தொரு படம் எடுத்தார், பதினோரு நாட்டில் ஓட்டினார், நொடித்துக் கிடந்த எத்தனையோ முதலாளிகளுக்குக் கடன் கொடுத்துத் தூக்கி நிறுத்தினார். படித்தவன் ஒப்பந்தத்தை வரிவரியாக வாசிப்பான். இவர் எதிராளி தண்ணீர் குடிக்கிற வேகத்தைப் பார்த்தே விலையைச் சொல்லிவிடுவார். ஒன்றே ஒன்று, உட்கார மாட்டார். சொந்தப் படத்தைக்கூடக் கதவோரம் நின்று, எழுந்து போகிறவர்களை எண்ணிக்கொண்டுதான் பார்ப்பார்.

முப்பத்திரண்டாவது படம் அன்று காலை பதினோரு மணிக்கு எல்லா நாட்டிலும் வெளியாக வேண்டும். வீட்டை அடகு வைத்து எடுத்த படம். ஒன்பதரைக்கு மேனேஜர் வேர்த்து விறுவிறுத்து வந்தார்.

"அண்ணே, தொழிலாளர் சங்கத்துல 'பாக்கி இல்லை'ன்னு கடுதாசி தர மாட்டேங்கறாங்க. அது இல்லாம லேப்ல இருந்து பூட்டத் திறக்கிற நம்பர் வராது. படம் தியேட்டர்லயே பூட்டிக் கிடக்கும்."

"எவனுக்குடா பாக்கி?"

"தையல்காரம்மா. உங்க கையெழுத்துப் போட்ட சீட்டச் சங்கத்துல காட்டிட்டுப் போயிருக்காங்க. 'படம் ஓடினால் தரப்படும்'னு எழுதியிருக்கு. பாக்கி தீந்துச்சுன்னு அவங்க அதுல கையெழுத்துப் போட்டு, போன்ல படம் பிடிச்சு அனுப்பினாலே போதுமாம்."

மேனேஜரோடு காரில் போகையில் பெட்டிக்காரருக்கு இருப்புக் கொள்ளவில்லை. ஒவ்வொரு சிக்னலிலும் இறங்கப் பார்த்தார்.

சட்டைக்கடை மாடியில் தையல்காரம்மா மெஷினை மிதித்துக்கொண்டிருந்தார். நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

"ஏக்கா, ஆயிரத்து எண்ணூறுக்கா என் கழுத்துல கத்தி வைக்கிற? கேட்டா தரமாட்டேனா?"

"ரெண்டு தடவ கேட்டேன் தம்பி. படம் ஓடலையேக்கான்னு கைய விரிச்ச. பாவம்னு நான்தான் உனக்கு டீ வாங்கிக் கொடுத்தேன்."

"இங்க மூணு நாள்ல தூக்கிட்டாங்களே! பொய்யா சொன்னேன்?"

"போன வாரம் டிவில மீசைய முறுக்கினது யாரு? மொதப் படம் வெளிநாட்டுல நாப்பது நாள் ஓடுச்சு, அந்தக் காசுலதான் வீடு வாங்கினேன்னு?"

இரண்டுமே நிஜம். கூலி கேட்டவர்களுக்கு மூன்று நாளும், படம் வாங்க வந்தவர்களுக்கு நாற்பது நாளுமாக அவர் கணக்குச் சொல்லியே பழகிவிட்டார்.

"போன்ல ரெண்டு லட்சம் அனுப்பறேன். சீட்டுல கையெழுத்தப் போடுக்கா."

"தர்மமா கேட்டேன்? கூலி கேட்டேன். ஆயிரத்து எண்ணூறு. கையில எண்ணி வை."

சட்டைப்பையைத் தடவினார். ஒற்றை நோட்டு இல்லை. நோட்டைத் தொட்டே வருஷக்கணக்காகிறது. தடதடவென்று படியிறங்கினார். டிரைவரிடம் ஆயிரம் வாங்கினார், மேனேஜரிடம் ஐந்நூறு. மீதிக்குச் சட்டைக்கடைக்காரரிடம் கைக்கடிகாரத்தைக் கழற்றிக் கொடுத்தார்.

"முந்நூறுக்கா? இத வச்சு என் கடையையே வாங்கலாமே சார்!"

"எடுத்து வையும்யா, சாயங்காலம் மீட்டுக்கறேன்!"

மூச்சிரைக்க மேலே வந்தபோது மணி பத்தே முக்கால். நின்றபடியே எண்ணத் தொடங்கினார். எண்ணிக்கை தப்பியது. மறுபடி எண்ணினார், மறுபடியும் தப்பியது.

மெஷின் நின்றது.

"உக்காரு தம்பி. பறந்துக்கிட்டே எண்ணினா தப்பத்தான் செய்யும்."

பதினோரு நாட்டில் எந்த நாற்காலியிலும் நிலைக்காத மனிதர், துணிமூட்டையை ஒதுக்கிவிட்டு முக்காலியில் உட்கார்ந்தார். தையல்காரம்மா வலது கையில் பேனாவைப் பிடித்துக்கொண்டு, ஊசி குத்திக் காய்த்த இடது உள்ளங்கையை நீட்டினார். பெட்டிக்காரர் நூறு நூறாக, வாய்விட்டு எண்ணி வைத்தார். பதினாறு. பதினேழு. பதினெட்டு.